அலி ஹம்ராயெவ்: எந்தப் படத்தில் தொடங்குவது, எப்படிப் பார்ப்பது

உஸ்பெக் இயக்குநர் அலி ஹம்ராயெவின் படங்களை வெளிவந்த ஆண்டு வரிசையில் பார்க்க ஆரம்பிக்காதீர்கள். பலரும் அப்படித்தான் தொடங்குகிறார்கள். 1964-இல் வந்த ‘யோர் யோர்’ என்ற இசை நகைச்சுவைப் படத்தைப் போட்டுவிட்டு, இவரையா பெரிய இயக்குநர் என்று சொன்னார்கள் என்று குழம்பிப்போய் நிறுத்திவிடுகிறார்கள். நல்ல கலைஞர் ஒருவரைத் தவறவிட இதைவிடச் சுலபமான வழி இல்லை.

எங்கள் ஊர்த் திரைப்படக் கழகத்தில் படங்களைத் தேர்ந்தெடுப்பதும் அவற்றுக்குத் தமிழ் சப்டைட்டில் தயார் செய்வதும் என் பொறுப்பு. சப்டைட்டில் செய்கிறவன் ஒரு காட்சியை மறுபடி மறுபடி ஓட்டிப் பார்ப்பான். அப்படிப் பார்த்ததில் எனக்குப் பிடிபட்ட வரிசை ஒன்று இருக்கிறது. உஸ்பெக் சினிமா பற்றி ஒன்றும் தெரியாதவர்களை உட்கார வைத்து இந்த வரிசையில் படம் காட்டியிருக்கிறேன். யாரும் பாதியில் எழுந்து போகவில்லை.

முதலில் ஆளைப் பற்றிக் கொஞ்சம். ஹம்ராயெவ் 1937-இல் தாஷ்கண்டில் பிறந்தார். அப்பா எர்காஷ் ஹம்ராயெவ் நடிகர், திரைக்கதை எழுதியவர்; இரண்டாம் உலகப் போரில் களத்தில் இறந்துபோனார். அம்மா உக்ரைனியர். மாஸ்கோவின் அரசுத் திரைப்படக் கல்லூரியில் கிரிகோரி ரோஷலிடம் படித்து 1961-இல் வெளியே வந்த ஹம்ராயெவ், ஊர் திரும்பி உஸ்பெக்ஃபிலிம் ஸ்டுடியோவில் சேர்ந்தார். அந்த அப்பாவை மறந்துவிடாதீர்கள். வரிசையின் கடைசியில் அவரிடம்தான் போய்ச் சேரப்போகிறோம்.

இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். சோவியத் காலத்து ஸ்டுடியோ அரசின் திட்டப்படி இயங்கியது. எந்தப் படம் எடுப்பது, எந்தத் திரைக்கதையை அனுமதிப்பது என்பதெல்லாம் முதலில் ஸ்டுடியோவில், பிறகு தாஷ்கண்டில், அதற்கு மேல் மாஸ்கோவில் என்று பல மேசைகளைத் தாண்டி வர வேண்டும். புரட்சிக் காலத்துச் சண்டைப் படங்களுக்கு அனுமதியும் கிடைக்கும், தியேட்டரில் கூட்டமும் வரும். கவிதை போன்ற படத்துக்கு இரண்டுமே சந்தேகம். ஹம்ராயெவ் இரண்டு வகையும் எடுத்தார். விமர்சகர்கள் சிலர் இவற்றை ‘அரசுக்காக எடுத்தவை’, ‘தனக்காக எடுத்தவை’ என்று பிரித்து, முதல் குவியலை ஓரமாகத் தள்ளிவிடுகிறார்கள். நான் அதை ஒப்புக்கொள்ள மாட்டேன். இந்த வகையில் ஒன்று, அந்த வகையில் ஒன்று என்று சேர்த்துப் பார்த்தால்தான் மனிதர் பிடிபடுவார். கீழே இருக்கும் வரிசை முழுவதும் அந்த எண்ணத்தில் போட்டதுதான்.

தொடக்கம்: ‘ஏழாவது தோட்டா’ (1972)

இதை வீட்டில் எல்லாரோடும் உட்கார்ந்து பார்க்கலாம். குதிரை, துப்பாக்கி, மலைப்பாதை, துரத்தல் என்று ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். 1920-களின் மத்திய ஆசியா. செம்படைக்கும், பாஸ்மாச்சி என்று அழைக்கப்பட்ட எதிர்ப்புப் படைகளுக்கும் சண்டை. மக்சூமவ் என்ற மிலிஷியா (சோவியத் காவல் படை) தளபதி ஊர் திரும்பும்போது அவனுடைய ஆட்களில் பெரும்பாலோர் எதிரியின் பக்கம் போயிருக்கிறார்கள். அவர்களை மீட்க அவன் படை திரட்டவில்லை. தானே போய்க் கைதியாகிறான். எதிரியின் முகாமுக்குள் நுழைய அவனுக்குத் தெரிந்த ஒரே வழி அதுதான்.

முதல் தடவை கதைக்காகப் பாருங்கள், போதும். இரண்டாவது தடவை மக்சூமவாக நடிக்கும் சுய்மென்குல் சொக்மொரொவின் முகத்தை மட்டும் பாருங்கள். கிர்கிஸ் நாட்டுக்காரர், தொழில்முறை ஓவியர். பேச்சு குறைவு. எதிராளி பேசும்போது இவர் கேட்கிற விதத்திலேயே காட்சி நகர்ந்துவிடும். தலைப்பைப் பற்றி ஒரு தகவல்: அந்தக் காலத்து நாகாந்த் ரிவால்வரில் ஏழு குண்டுகள் போடலாம். ஏழாவதுதான் கடைசி. இது தெரிந்தால் படத்தில் துப்பாக்கி வெடிக்கும் ஒவ்வொரு முறையும் உங்கள் மனம் தானாகவே எண்ண ஆரம்பித்துவிடும்.

டைட்டிலில் திரைக்கதை யாருடையது என்று கவனியுங்கள். ஹம்ராயெவின் படங்களுக்கு இதை ஒரு பழக்கமாகவே வைத்துக்கொள்ளச் சொல்வேன். இவர் தானும் எழுதுவார், எழுதத் தெரிந்தவர்களையும் தேடிப் பிடிப்பார். இந்தப் படத்தை எழுதியவர்கள் ஃப்ரீத்ரிக் கோரென்ஷ்டெய்னும் ஆந்த்ரேய் கொஞ்சலோவ்ஸ்கியும். கோரென்ஷ்டெய்ன் அதே காலத்தில் ரஷ்ய இயக்குநர் தார்கோவ்ஸ்கியோடு ‘சொலாரிஸ்’ எழுதியவர். கொஞ்சலோவ்ஸ்கி அதற்கு முன்பே தார்கோவ்ஸ்கியோடு ‘ஆந்த்ரேய் ருப்லேவ்’ எழுதியவர். வெறும் சண்டைப் படம் என்று நினைத்து உட்காருகிறவர்களிடம் இதை முன்கூட்டியே சொல்லிவிடுவேன், நிமிர்ந்து உட்காருவார்கள்.

அடுத்த நாளே: ‘அச்சமின்றி’ (1971)

இடைவெளி விடாதீர்கள். முந்தைய படத்தின் வேகம் மனதில் இருக்கும்போதே இதைப் பார்க்க வேண்டும். அதே இயக்குநர், அதே ஸ்டுடியோ, எழுதியவர்களில் ஒருவர் அதே கொஞ்சலோவ்ஸ்கி. கூட எழுதியவர் ஒதெல்ஷா அகிஷெவ். காலமும் கிட்டத்தட்ட அதேதான். ஆனால் இங்கே சண்டை வீட்டுக்குள் நடக்கிறது.

பின்னணி தெரியாமல் பார்த்தால் பாதிப் படம் வீணாகும். 1927 மார்ச் 8 அன்று சோவியத் அரசு உஸ்பெகிஸ்தானில் ‘ஹுஜூம்’ என்ற இயக்கத்தைத் தொடங்கியது. பெண்கள் முக்காடு களைய வேண்டும் என்பது அதன் நோக்கம். சதுக்கங்களில் பெண்கள் முக்காட்டைக் கழற்றித் தீயில் போட்டார்கள். கழற்றிவிட்டு வீட்டுக்குத் திரும்பியவர்களில் பலர் கொலை செய்யப்பட்டார்கள். கொன்றவர்களில் கணவன், அப்பா, அண்ணன் என்று சொந்தக்காரர்களும் இருந்தார்கள்.

அந்த உடையைக் கொஞ்சம் நெருங்கிப் பாருங்கள், ஏனென்றால் படமே அதற்குள்தான் இருக்கிறது. இரண்டு பகுதிகள். வெளியே பரஞ்சா: தலையிலிருந்து குதிகால் வரை விழும் கனமான அங்கி. அதற்குக் கைகள் உண்டு, ஆனால் யாரும் கையை நுழைப்பதில்லை. அவை மெலிந்து நீண்டு முதுகுப் பக்கமாகத் தொங்கும், நுனியில் ஒன்றோடொன்று கோத்திருக்கும். உள்ளே முகத்துக்கு நேரே சச்வான்: குதிரை மயிரில் நெய்த, கறுத்த, விறைப்பான வலை. உள்ளே இருப்பவள் வெளியே பார்க்கலாம். வெளியே நிற்பவருக்கு ஒன்றும் தெரியாது. இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால், முகமே இல்லாத உருவங்கள் மண்சுவர் ஓரமாக நடக்கிற காட்சிகள் வேறு மாதிரி தெரியும்.

கதையில், ஊர்ப் பெண்களின் முக்காட்டை நீக்க வைக்கும் பொறுப்பு அதே ஊர்க்காரனான ஒரு செம்படை அதிகாரியிடம் வருகிறது. ஊருக்குச் சொல்வதற்கு முன் அந்தக் கேள்வி அவன் வீட்டுக்குள்ளேயே வந்து நிற்கிறது. இது அரசு கேட்ட கருப்பொருள்தான், மறுக்கவில்லை. ஆனால் அரசு கேட்டதைவிட அதிகமாக ஹம்ராயெவ் கொடுத்துவிட்டார். மேலிடத்து உத்தரவுக்கும் ஊரின் கோபத்துக்கும் நடுவே ஒரு பெண்ணின் உடம்பு மாட்டிக்கொள்வதை அவர் மறைக்கவே இல்லை. படம் முடிந்ததும் விளக்கை உடனே போடாதீர்கள்.

படத்தைத் தேடும்போது

இங்கே நிறுத்தி, நடைமுறை விஷயங்களைச் சொல்லிவிடுகிறேன். ஆங்கில எழுத்தில் பெயரைத் தட்டினால் கொஞ்சம்தான் கிடைக்கும். விக்கிப்பீடியாவில் அவர் பக்கத்தின் ரஷ்ய வடிவத்துக்குப் போய், அங்கிருந்து படத்தின் பெயரை ரஷ்ய எழுத்தில் நகலெடுத்து, ஆண்டையும் சேர்த்து யூடியூபில் தேடுங்கள். ஒரே படம் பல நீளங்களில் இருக்கும். நீளம் அதிகமானதை எடுங்கள், குறைந்தவை பெரும்பாலும் வெட்டப்பட்டவை.

அப்புறம் ஒலி. இந்தப் படங்களில் பல உஸ்பெக், ரஷ்யன் என்று இரண்டு ஒலித்தடங்களில் புழங்குகின்றன. ரஷ்ய டப்பிங்கில் மத்திய ஆசியக் கிழவர்கள் மாஸ்கோ வானொலிக்காரர்களின் குரலில் பேசுவார்கள். உதடும் ஒட்டாது, மனசும் ஒட்டாது. எது எந்த மொழி என்று தெரியாவிட்டால் நன்றி சொல்லும் இடத்தைக் கவனியுங்கள். ‘ரஹ்மத்’ என்று கேட்டால் உஸ்பெக், ‘ஸ்பசீபா’ என்றால் ரஷ்யன். உஸ்பெக் கிடைத்தால் படத் தரம் கொஞ்சம் மங்கலாக இருந்தாலும் அதையே எடுங்கள். தானாக உருவாகும் சப்டைட்டிலை நம்பி உட்காராதீர்கள். பழைய படங்களின் ஒலியில் அது பெயர்களையெல்லாம் கடித்துத் துப்பிவிடும். தனியாகக் கிடைக்கும் சப்டைட்டில் கோப்பு முன்பின்னாக ஓடினால், விஎல்சி பிளேயரில் ஜி, எச் விசைகளை அழுத்தி நேரத்தைச் சரிசெய்யலாம். முதல் வசனத்தில் சரிசெய்தால் போதாது, படத்தின் நடுவிலும் ஒருமுறை சோதித்துவிடுங்கள்.

பின்னோக்கி ஒரு படி: ‘வெள்ளை, வெள்ளை நாரைகள்’ (1966)

‘அச்சமின்றி’ எங்கிருந்து வந்தது என்று தெரிய வேண்டுமானால் ஐந்து ஆண்டுகள் பின்னால் போக வேண்டும். இது கறுப்பு வெள்ளைப் படம். நாரைகளின் பெயரைக் கொண்ட கிராமம், கதை நடப்பது படம் எடுத்த அதே காலத்தில். மலிக்கா கல்யாணமானவள். கையூம் என்ற வெளியூர்க்காரனை விரும்புகிறாள். ஊர் அதை ஏற்கவில்லை, அவளுடைய அப்பாவும் ஏற்கவில்லை. அவ்வளவுதான் கதை.

முக்காடு போய் நாற்பது வருஷம் ஆகப்போகிறது, சட்டம் அவள் பக்கம் இருக்கிறது, ஆனாலும் ஊரின் கண் அப்படியே இருக்கிறது. இந்தப் படம் எனக்கு மிகவும் பிடிக்கும். மலிக்காவாக நடித்த சாய்ராம் இசாயெவாவைப் பாருங்கள்: குரலை உயர்த்தாமல், கெஞ்சாமல், தன் முடிவில் நிற்கிறாள். கையூமாக வரும் பொலொத் பெய்ஷெனாலியெவ், ‘ருப்லேவ்’ படத்தில் தாத்தாரியத் தலைவனாக வந்தவர். அந்தக் குரூரமான சிரிப்பை ஏற்கெனவே பார்த்திருப்பவர்களுக்கு, இவரால் இவ்வளவு மென்மையாகவும் இருக்க முடியுமா என்று ஆச்சரியமாக இருக்கும்.

உடனே இதற்கு ஜோடியாக ‘டிரிப்டிக்’ பாருங்கள். எழுபதுகளின் இறுதியில் எடுத்தது. காலம் 1946, போர் முடிந்த மறுவருஷம். உஸ்பெகிஸ்தானின் வடக்கே ஒரு சிற்றூர், மூன்று பெண்கள். ஒருத்தி ஊரில் இல்லாத கணவனின் அனுமதியைக் கேட்காமல் தனக்கென்று வீடு கட்டத் தொடங்குகிறாள். இன்னொருத்தி பள்ளி ஆசிரியை. மூன்றாமவள் வயதானவள், இளமையில் கடத்தப்பட்டு மணமுடிக்கப்பட்டவள். மூன்று கதைகளும் ஒன்றுக்குள் ஒன்று நுழைந்து வெளியே வரும். யாருடைய கதை எங்கே முடிந்தது என்று கணக்குப் பார்க்காமல் விட்டுவிடுங்கள். மூவரையும் ஒரே நேரத்தில் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும் என்றுதான் இயக்குநர் விரும்புகிறார்.

கழகத்தில் இதைத் திரையிட்டபோது, நாற்காலி போட்டு உதவ வந்த அக்கா ஒருவர் பின்வரிசையில் நின்றபடியே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது.

“தம்பி, அந்தப் பொண்ணு வீட்டக் கட்டி முடிச்சாளா இல்லையா? அத மட்டும் சொல்லிடு, நான் கெளம்புறேன்.”

“இன்னும் கொஞ்ச நேரந்தான்க்கா. உக்காருங்க, நான் வண்டில கொண்டுவந்து விட்டுர்றேன்.”

உட்கார்ந்தார். உங்களுக்கும் முடிவைச் சொல்லப்போவதில்லை.

ஒரு குறிப்பு: திலோரம் கம்பரோவா என்ற நடிகையை ‘அச்சமின்றி’ படத்திலிருந்தே தொடருங்கள். ‘ஏழாவது தோட்டா’வில் இருக்கிறார், அடுத்து சொல்லப்போகும் படத்தில் இருக்கிறார், ‘டிரிப்டிக்’கில் வீடு கட்டுகிறவராக வருகிறார். ஒரே முகம் எழுபதுகள் முழுவதும் வளர்ந்து வருவதைப் பார்க்கலாம். ஹம்ராயெவ் தன் நடிகர்களைக் கைவிடாதவர்.

‘பறவைகளைப் பின்தொடரும் மனிதன்’ (1975)

இதற்கு மட்டும் சில கட்டளைகள் போடுவேன். பகலில் பார்க்க வேண்டாம். போனில் பார்க்கவே வேண்டாம். கதை என்ன என்று முன்கூட்டிப் படிக்க வேண்டாம்.

இடைக்கால மத்திய ஆசியா. ஃபாரூக் என்ற பதின்வயதுப் பையன், கவிஞனாகப் போகிறவன். வாதுமை மரம் பூத்துவிட்டது என்பதற்காகத் தூங்கும் ஊரையே எழுப்புகிறான். அவனைப் பொறுத்தவரை அதைவிட அவசரமான செய்தி உலகத்தில் இல்லை. ஊர்க்காரர்களுக்குத் தூக்கம் கெட்டதுதான் மிச்சம், அடி விழுகிறது. இந்த ஒரு காட்சியை நான் சப்டைட்டிலுக்காக எத்தனையோ முறை ஓட்டியிருக்கிறேன். வசனம் மிகக் கொஞ்சம். வெளிச்சமும் பூவும் பையனின் பரபரப்பும்தான் எல்லாம். இங்கே ‘அடுத்து என்ன?’ என்று கேட்காமல் இருக்க முடிந்தால் படம் முழுக்க உங்களுடையது. முடியவில்லை என்றால் நிறுத்திவிட்டு வேறொரு நாள் வாருங்கள்.

எழுதியவர் திமூர் சுல்ஃபிகாரவ், கவிஞர். ஒளிப்பதிவு யூரி கிளிமெங்கோ. பின்னாளில் இயக்குநர் பராஜானவின் ‘சூரம் கோட்டை’ப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் இவர்தான். பராஜானவை விரும்புகிறவர்கள் அந்த நிறங்களின் ஒத்திகையை இங்கேயே பார்த்துவிடலாம். ஃபாரூக்காக நடித்த ஜானிக் ஃபாய்சியெவ் பிறகு ரஷ்யாவில் பெரிய செலவில் படம் எடுக்கும் இயக்குநரானார். நம் டெல்லி சர்வதேசத் திரைப்பட விழாவிலும் இந்தப் படம் விருது பெற்றது. இங்கே வந்து கௌரவிக்கப்பட்ட படம் இன்று நம் திரைப்படக் கழகங்களில் கிட்டத்தட்டத் தெரியாமலே இருப்பது எனக்கு வருத்தமான விஷயம்.

‘மெய்க்காப்பாளன்’ (1979)

தார்கோவ்ஸ்கியின் ‘ஸ்டாக்கர்’ பார்த்தவர்கள் இதைத் தவறவிடவே கூடாது. அதே 1979. அதே அலெக்சாந்தர் கைதனோவ்ஸ்கி, அதே அனத்தோலி சொலொனீத்சின், அதே இசையமைப்பாளர் எதுவார்த் அர்தெமியெவ். ஆனால் இது தாஜிகிஸ்தானின் தாஜிக்ஃபிலிம் ஸ்டுடியோ எடுத்த பாஸ்மாச்சி காலத்துப் படம். பிடிபட்ட மதத் தலைவர் சுல்தான் நசரை மலைகளைக் கடந்து நகரத்துக்குக் கொண்டுபோக வேண்டும். மிர்சோ என்ற வேட்டைக்காரன் வழிகாட்டியாகப் போகிறான். பின்னால் பாஸ்மாச்சித் தலைவன் ஃபத்தோபெக்கின் ஆட்கள் துரத்துகிறார்கள். ஒருவன் இன்னொருவரை ஆபத்தான நிலத்தின் வழியே கூட்டிக்கொண்டு போகிறான் என்ற அளவில் இரண்டு படங்களும் உறவுக்காரர்கள். முதலில் ‘ஸ்டாக்கர்’, அடுத்த வாரம் இது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த நெருக்கம் தற்செயல் இல்லை. தார்கோவ்ஸ்கியும் ஹம்ராயெவும் நண்பர்கள். எழுபதுகளில் மாஸ்கோவில் வாய்ப்புகள் முடங்கிக் கிடந்த நாட்களில், ஹம்ராயெவ் இயக்குவதற்கென்று தார்கோவ்ஸ்கியும் திரைக்கதையாசிரியர் மிஷாரினும் ‘சர்தார்’ என்று ஒரு திரைக்கதை எழுதினார்கள். அது படமாகவில்லை. ‘ஸ்டாக்கர்’கூட முதலில் தாஜிகிஸ்தானின் இஸ்ஃபராவில் எடுப்பதாக இருந்து, நிலநடுக்கத்தால் இடம் மாறியதுதான்.

கடைசியாக அப்பா

‘உன்னை நினைவிருக்கிறது’ (1985). சமர்கந்தில் படுத்த படுக்கையாக இருக்கும் அம்மா, போரில் இறந்த கணவரின் புதைகுழியைத் தேடிக் கண்டுபிடிக்கச் சொல்லி மகனை அனுப்புகிறாள். மகன் ரயிலேறி ரஷ்யாவின் குறுக்கே வியாஸ்மா நோக்கிப் போகிறான். ஹம்ராயெவின் சொந்தக் குடும்பத்தின் வலி இது. இதை முதலிலேயே பார்த்தால் நல்ல படம் என்று தோன்றும், அவ்வளவுதான். மற்ற எல்லாவற்றையும் பார்த்துவிட்டு வரும்போது, இருபது வருஷமாகத் துப்பாக்கி ஏந்திய ஆண்களையும், அவர்கள் விட்டுப்போன வீடுகளையும் இவர் ஏன் திரும்பத் திரும்பப் படமாக்கினார் என்பது நெஞ்சில் வந்து இறங்கும்.

மற்றவற்றை நேரம் இருந்தால் பாருங்கள். ‘காபூலில் வெப்பக் கோடை’ (1983) ஆப்கன் போரின் நடுவே அரசின் கண்பார்வையில் எடுத்தது. ஹம்ராயெவை அறிய அது கட்டாயமில்லை. ‘ஆசைகளின் தோட்டம்’ (1987), 1941 கோடையில் போர் வருவதற்குச் சற்று முன் கிராமத்தில் இருக்கும் இளம்பெண்கள் பற்றியது. ‘டிரிப்டிக்’ பிடித்தவர்களுக்கு இதுவும் பிடிக்கும். சோவியத் யூனியன் உடைந்தபின் அவர் இத்தாலிக்குப் போனார். 1998-இல் வந்த ‘போ பா பு’ பாலைவனத்தில் இரண்டு ஆண்களும் ஒரு வெளிநாட்டுப் பெண்ணும் இருக்கும் கடுமையான படம். குழந்தைகளோடு பார்க்க வேண்டாம்.

இந்த வரிசையை முடித்தவர்கள் அடுத்து எல்யோர் இஷ்முஹமெதவின் ‘மென்மை’ (1966) பக்கம் போகலாம். அகிஷெவ் எழுதியதுதான் அதுவும். அதைவிட முதலில் நான் சொல்வது யூசுப் ராசிகவின் ‘பேச்சாளன்’ (1998). சுதந்திர உஸ்பெகிஸ்தானில் எடுத்தது. மூன்று மனைவிகள் உள்ள ஒரு வண்டிக்காரன், புரட்சிக்குப் பிறகு பெண் விடுதலையைப் பற்றி மேடை மேடையாகப் பேசுகிறவனாக மாறுகிறான். ஹுஜூம் காலத்தைச் சோவியத் ஸ்டுடியோவுக்குள் இருந்து ஒருவர் எப்படிப் பார்த்தார், அந்த ஸ்டுடியோவின் எஜமானர்கள் போனபின் இன்னொருவர் எப்படிப் பார்த்தார் என்று தெரிய வேண்டுமானால், ‘அச்சமின்றி’யை இன்னொரு தடவை ஓட்டிவிட்டு மறுநாள் இதைப் போடுங்கள்.